பெயரின் கடைசி எழுத்து

நியூ ஜெர்சியில், பிளெய்ன்ஸ்பரோவில் நாங்கள் குடியிருக்கும் அபார்ட்மென்ட் வளாகத்தில் என்னை 'ஃபார்ம் அக்கா' என்பார்கள். முகத்துக்கு நேரே யாரும் சொல்வதில்லை. ஆனால் புதிதாகக் குடிவந்த யாராவது ஓசிஐ கார்டுக்கோ கிரீன் கார்டுக்கோ விண்ணப்பம் போடத் தெரியாமல் முழித்துக்கொண்டு நின்றால், "மேல ஃபார்ம் அக்கா இருக்காங்க, அவங்ககிட்ட ஒருவாட்டி காட்டிடு" என்று கைகாட்டி விடுவார்கள். எனக்கு அதில் உள்ளூரப் பெருமைதான். இத்தனை வருஷத்தில் நான் நிரப்பிக் கொடுத்த விண்ணப்பம் ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. ஒரே ஒன்றில் தப்புச் செய்தேன். அதுவும் திரும்பி வரவில்லை. வந்திருந்தால் இதை எழுத வேண்டிய அவசியமே இருந்திருக்காது.

என் வேலையும் அந்த மாதிரிதான். மருந்துக் கம்பெனி ஒன்றில் காகிதங்களைச் சரிபார்க்கிறேன். ஒரு தாளில் இருப்பது இன்னொரு தாளிலும் அப்படியே இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஒரு புள்ளி கூடினாலும் குறைந்தாலும் பிடித்து நிறுத்த வேண்டும். வீட்டிலும் இதே புத்திதான் என்று என் கணவர் சொல்வார். மளிகைச் சீட்டில் நான் எழுதியது ஒன்று, அவர் வாங்கி வந்தது இன்னொன்று என்றால் அன்று வீடு வீடாக இருக்காது.

பெயர் விஷயத்தில் நான் நன்றாகச் சூடு பட்டவள். பெரம்பூரில் பிறந்தபோது எனக்கு ஒரு பெயர் வைத்தார்கள், அதற்கு முன்னால் அப்பாவின் பெயரிலிருந்து ஒரு எழுத்தைப் போட்டார்கள். அது ஆயுசுக்கும் போதும் என்று நினைத்தார்கள். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற கட்டம் காலியாகவே இருந்தது. இந்த நாட்டில் இறங்கியதும் அந்தக் காலிக் கட்டம் என்னைப் பாடாய்ப் படுத்திவிட்டது. முதல் லைசென்ஸில், முதற்பெயர் தெரியவில்லை என்பதன் மூன்றெழுத்துச் சுருக்கத்தைப் பெயருக்கு முன்னால் அடித்துக் கொடுத்தார்கள். பல் டாக்டர் ஆபீஸில் அதையே என் பெயர் என்று நினைத்து "எஃப்னு, எஃப்னு" என்று கூப்பிட்டார்கள். நானும் எழுந்து போனேன்.

பிறகு வக்கீல் சொன்னபடி அப்பாவின் பெயரைக் குடும்பப் பெயராக்கினேன். எங்கேயோ கட்டங்கள் இடம் மாறி, ஆபீஸ் கம்ப்யூட்டரில் அப்பாவின் பெயர் முன்னால் வந்து உட்கார்ந்துவிட்டது. திருத்தச் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டேன். மீட்டிங்கில் என் அப்பாவைக் கூப்பிடுகிறார்கள், நான் நிமிர்ந்து பார்க்கிறேன். அப்பா இறந்து, சென்னைக்குப் போய் அடக்கம் முடித்துத் திரும்பிய முதல் நாள், மேனேஜர் அந்தப் பெயரைச் சொல்லி 'வெல்கம் பேக்' என்றார். பாத்ரூமில் போய் அழுதுவிட்டு வந்து லேப்டாப்பைத் திறந்தேன்.

இவ்வளவு பட்டவளுக்கு என்ன புத்தி வந்திருக்க வேண்டும்? எனக்கு வந்தது ஒரே ஒரு விதி. பாஸ்போர்ட்டில் என்ன இருக்கிறதோ அதை எழுத்துப் பிசகாமல் எழுது. உன் ஆசை, உன் பழக்கம், ஊரில் உன்னை எப்படிக் கூப்பிட்டார்கள் என்ற கதை எதுவும் வேண்டாம். இதை நான் எத்தனையோ பேருக்குச் சொல்லியிருக்கிறேன். சொல்லும்போது என் குரல் கொஞ்சம் டீச்சர் குரலாக மாறிவிடும்.

எங்கள் வீட்டுக்குக் கீழ் வீட்டில் போலந்து நாட்டுப் பெண்மணி ஒருவர் தனியாக இருந்தார். எண்பதை நெருங்கிய வயது. கணவர் போய்ப் பல வருஷம் ஆகியிருந்தது. ஒரே மகன் டெக்சாஸில், ஆலனில் குடும்பத்தோடு இருந்தார். அந்தப் பெண்மணிக்குக் கண்ணில் ஒரு கோளாறு. பார்வையின் நடுப்பகுதி மட்டும் கரைந்து போய்க்கொண்டிருந்தது. நேராகப் பார்த்தால் எதிரில் இருப்பவரின் முகம் தெரியாது, காது தெரியும், தோள் தெரியும். ஒரு ஞாயிற்றுக்கிழமை பார்க்கிங்கில், வராத யாருக்காகவோ கைப்பையோடு காத்து நின்றுகொண்டிருந்தார். நான் காரை நிறுத்தி, "ஆன்ட்டி, சர்ச்சுக்கா? வாங்க, ஏறிக்கோங்க" என்று இங்கிலீஷில் சொன்னேன். அன்று முதல் ஆறு வருஷம் எங்கள் காரின் முன் சீட் ஞாயிறு காலையில் அவருடையதாக இருந்தது. என் கணவர் பின்னால் எங்கள் மகளோடு உட்கார்ந்து வருவார்.

ஆன்ட்டி என்று கூப்பிட்டது அவருக்கு முதலில் வேடிக்கையாக இருந்தது. உன் அம்மாவுக்கு நான் தங்கையா என்று கேட்டார். எங்கள் ஊரில் பெரியவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் மரியாதைக் குறைவு என்று விளக்கினேன். தோளைக் குலுக்கிவிட்டு ஒப்புக்கொண்டார். மரியாதை என்பது பாதி உண்மைதான். அவர் வீட்டுத் தபால் பெட்டியில் அந்தப் பெயரைப் பார்த்திருக்கிறேன். எழுத்துகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி உட்கார்ந்திருக்கும், எங்கே வாயைத் திறந்து எங்கே மூடுவது என்று தெரியாது. ஆன்ட்டி என்ற ஒரு வார்த்தையில் நான் சுலபமாகத் தப்பித்துக்கொண்டேன்.

அவர் படத்தொகுப்பாளர் என்பது எங்களுக்கு ஒரு வருஷம் வரைக்கும் தெரியாது. தெரிய வந்தது, என் மகள் சர்ச்சில் முதன்முறை நற்கருணை வாங்கிய 'முதல் நன்மை' விழாவின் வீடியோவால். பக்கத்து ஊர் எடிசனில் இருந்து வந்த ஒருவர் எடுத்துக் கொடுத்தது. நற்கருணை வாங்கும் ஒரு நிமிஷத்தை ஏழெட்டு நிமிஷமாக இழுத்து, ரோஜா இதழ்களை வேறு பறக்க விட்டிருந்தார். ஆன்ட்டி டிவிக்கு மிக அருகில், தலையைச் சற்றுத் திருப்பி ஓரக்கண்ணால் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். அவருடைய வலது கைச் சுட்டுவிரல் நாற்காலியின் கையை அவ்வப்போது ஒரு தட்டுத் தட்டியது. கடைசியில் ஏன் தட்டுகிறீர்கள் என்று கேட்டேன். இந்த இடங்களிலெல்லாம் காட்சி முடிந்துவிட்டது, ஆனால் இந்த மனிதனுக்கு எதையும் முடிக்கப் பயம் என்றார்.

பிறகு ஞாயிற்றுக்கிழமை கார் பயணங்களில் கொஞ்சம் கொஞ்சமாக அவர் கதை வந்தது. பதினேழு வயதில் ஃபிலிம் கழுவும் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறார். வெள்ளைப் பருத்திக் கையுறை போட்டுக்கொண்டு அறுந்த ஃபிலிமை ஒட்டுவது முதல் வேலை. அங்கிருந்து எடிட்டிங் அறைக்கு உதவியாளராகப் போய், முப்பது வயதுக்குள் முழுப் படத்தைத் தனியாகத் தொகுக்கும் இடத்துக்கு வந்துவிட்டார். அந்த அறைகளில் பெண்கள்தான் அதிகமாம். தையல் மாதிரி இருப்பதால் அது பெண்களுக்குச் சரிப்படும் என்று ஆண்கள் சொல்லிக்கொண்டார்களாம். ஒரு இயக்குநர் அவர் பின்னால் சோபாவில் படுத்துக் குறட்டை விடுவார், முழித்ததும் நன்றாக இருக்கிறது என்பார். இன்னொருவர் ஒவ்வொரு துண்டையும் வெட்டும்போது கண்ணீர் விடுவார். தூங்குகிறவரோடு வேலை செய்வதுதான் சுகம் என்றார் ஆன்ட்டி.

இங்கே எல்லோரும் வெட்டு வெட்டு என்கிறார்கள், நாங்கள் ஒட்டு என்றுதான் சொல்வோம், ஒரு படத்தில் எத்தனை ஒட்டு என்றுதான் எண்ணுவோம் என்றார் ஒருநாள். எங்கள் மொழியில் படத்தொகுப்பு என்று டைட்டிலில் போடுவார்கள், தொகுப்பு என்றால் சேர்த்து வைப்பது என்றேன். அவருக்கு அந்த வார்த்தை பிடித்துப் போயிற்று. சிக்னல் பச்சையாகி, பின்னாலிருந்தவன் ஹாரன் அடிக்கும் வரைக்கும் அதை என்னைத் திரும்பத் திரும்பச் சொல்ல வைத்து, தானும் சொல்லிப் பார்த்தார். 'ழ' இல்லாத வார்த்தை என்பதால் சுலபமாகவே வந்தது.

அவருடைய கடைசிப் படத்தைப் பற்றித்தான் அதிகம் சொல்வார். ஒரு சின்ன ஊரின் பஸ் நிலையத்தில் டிக்கெட் கொடுக்கும் பெண்ணின் ஒரு வாரம்தான் கதை. கடைசிக் காட்சியில் அந்தப் பெண் டிக்கெட் ஜன்னலை இழுத்துச் சாத்துகிறாள். சாத்திய ஜன்னலை அதற்கப்புறம் ஏழு நொடி அப்படியே விட்டிருக்கிறார் ஆன்ட்டி. ஏழு நொடி யார் மூடிய ஜன்னலைப் பார்ப்பார்கள் என்று இயக்குநர் சண்டை பிடித்தாராம். ஆன்ட்டி விட்டுக்கொடுக்கவில்லை. அதைச் சொல்லும்போது விரலால் என் காரின் டேஷ்போர்டில் ஏழு தட்டுத் தட்டிக் காட்டுவார்.

படத்தின் தொகுப்பு முடிந்ததும், கணவரின் தங்கை கல்யாணத்துக்காக இரண்டு பேரும் நியூ ஜெர்சிக்கு வந்திருக்கிறார்கள். ஆறு வாரத்துக்குத்தான் வந்தது. அதற்குள் அங்கே ராணுவம் தெருவில் இறங்கிவிட்டது. கணவரும் அதே ஸ்டூடியோவில் தயாரிப்புப் பிரிவில் இருந்தவர். திரும்பிப் போக வேண்டாம் என்று அவர்தான் முடிவு செய்தார். சில மாதம் கழித்துப் படம் வெளிவந்தபோது, நாட்டை விட்டுப் போனவர் என்று ஆன்ட்டியின் பெயரை எடுத்துவிட்டார்கள். தோழி ஒருத்தி கடிதம் எழுதியிருந்தாள். ஒளிப்பதிவுக்கும் இசைக்கும் நடுவில் உன் பெயர் இருந்த துண்டைக் காணவில்லை, அந்த ஒட்டு சரியாக விழாமல் திரை குதிக்கிறது என்று. பெயரை எடுத்தவர்கள் ஒழுங்காக ஒட்டவாவது செய்திருக்கலாம் என்று அத்தனை வருஷம் கழித்தும் அவருக்குக் கோபம் வந்தது.

இங்கே எடிட்டிங் வேலை கேட்டு நியூயார்க்கில் சில இடங்களுக்கு ஏறி இறங்கியிருக்கிறார். ஒரு வாக்கியம் எங்கே முடிகிறது என்றே தெரியாத பாஷையில் எப்படி எடிட் செய்வது? கடைசியில் மாத்திரை பாட்டில்கள் பெல்ட்டில் வரிசையாக ஓடும் தொழிற்சாலையில் வேலை. மூடி கோணலாக இருப்பதையும் லேபிள் கிழிந்திருப்பதையும் பார்த்துப் பொறுக்கி எடுக்க வேண்டும். இருபத்திரண்டு வருஷம் அதைச் செய்திருக்கிறார். அவ்வளவு நல்ல கண் அந்தத் தொழிற்சாலையில் வேறு யாருக்கும் இருந்ததில்லையாம். அவர் சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

ஒரு வசந்த காலத்தில் அந்தக் கடிதம் வந்தது. போலந்தில் பழைய படங்களைப் பாதுகாக்கும் ஒரு காப்பகம் அனுப்பியது. ஒவ்வொரு எழுத்தையும் பெரிதாக்கிக் காட்டும் கருவியின் கீழ் வைத்து, இரண்டு நாள் எடுத்துக்கொண்டு அவரே வாசித்தார். டிக்கெட் ஜன்னல் படத்தைச் சுத்தம் செய்து புதிதாக வெளியிடப் போகிறார்கள். பெயர்ப் பட்டியலில் படத்தொகுப்பாளரின் இடம் காலியாக இருக்கிறது. அது நீங்கள்தான் என்று உங்களுடைய அப்போதைய உதவியாளர் ஒருவர் சொன்னார், உங்கள் பெயரைத் திரும்பச் சேர்க்க விரும்புகிறோம் என்று எழுதியிருந்தார்கள். ஒரு விண்ணப்பத்தை இன்டர்நெட்டில் நிரப்ப வேண்டும். சுத்தம் செய்யும் வேலையில் வெளிநாட்டு லேபும் கூட்டு என்பதால் விண்ணப்பம் இங்கிலீஷில் இருந்தது.

அன்று அவர் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு எங்கள் வீட்டுக்குப் படியேறி வந்தார். அதுவரைக்கும் எதையும் கேட்டதில்லை. "நான் போவதற்குள் அந்தப் படத்தில் என் பெயர் வந்துவிட வேண்டும். என்னால் வாசிக்க முடியாது. யாராவது வாசித்துக் காட்டினால் போதும்" என்றார். இதுதானா, என்னிடம் கொடுத்துவிட்டீர்கள் அல்லவா, முடிந்தது என்று நினைத்துக்கொள்ளுங்கள் என்றேன். என் டீச்சர் குரல் அப்போதே வந்துவிட்டது.

லேப்டாப்பைத் திறந்து உட்கார்ந்தேன். அடையாள அட்டை நகல் கேட்டிருந்தார்கள். பாஸ்போர்ட் கொடுங்கள் ஆன்ட்டி என்றேன், கைப்பையையே கொடுத்தார். திரையில் வர வேண்டிய வடிவில் பெயர் என்று ஒரு கட்டம் இருந்தது. அமெரிக்க பாஸ்போர்ட்டில் இருந்த குடும்பப் பெயரை எழுத்துப் பிசகாமல் அடித்தேன். முதற்பெயரைப் பார்த்தேன். அவ்வளவு எழுத்தையும் போட்டால் லேபில் இருக்கும் எவனாவது தப்பாக அடித்துத் தொலைப்பான் என்று தோன்றியது. நம் ஊர் டைட்டிலில் இனிஷியலும் பெயரும் பார்த்துப் பழகிய கண் எனக்கு, இனிஷியல் போட்டால்தான் பெயர் கம்பீரமாக இருக்கும். முதல் எழுத்தை மட்டும் போட்டு ஒரு புள்ளி வைத்தேன்.

"என் பெயரைப் போட்டுவிட்டாயா?" என்று கேட்டார்.

"பாஸ்போர்ட்ல இருக்கிற மாதிரியே போட்டாச்சு ஆன்ட்டி. பர்ஃபெக்ட்."

"பாஸ்போர்ட்டில் இருப்பதா?" என்று கொஞ்சம் இழுத்தார். நகலும் பெயரும் பொருந்தாவிட்டால் திருப்பி அனுப்பிவிடுவார்கள், இத்தனை வருஷம் கழித்து இதற்காகவா தடை வர வேண்டும் என்றேன். எனக்கு இதில் அனுபவம் உண்டு என்றும் சொன்னேன். அவர் மேலே எதுவும் கேட்கவில்லை. மகளை நீச்சல் வகுப்பில் இருந்து கூட்டி வர நேரமாகிவிட்டது. அனுப்பு என்ற பட்டனை அழுத்திவிட்டுச் சாவியை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். எழுதியதை ஒரு தடவை வாசித்துக் காட்டியிருக்கலாம். அரை நிமிஷம் ஆகியிருக்காது.

இலையுதிர் காலத்தில் படத்தைப் பார்க்க ஒரு லிங்க் அனுப்பினார்கள். ஒரு சனிக்கிழமை மதியம் எங்கள் ஹாலில் ஏற்பாடு செய்தோம். என் கணவர் திரைச்சீலையை இழுத்துவிட்டார். நான் கேக் வாங்கி வைத்திருந்தேன். ஆன்ட்டி சர்ச்சுக்குக்கூடப் போடாத ஒரு நீலச் சட்டை போட்டுக்கொண்டு, டிவிக்கு முன்னால் நாற்காலியில் உட்கார்ந்தார். பழைய படம் என்பதால் பெயர்களெல்லாம் முதலிலேயே வந்தன. ஒவ்வொன்றாக வாசி என்றார். நான் இயக்குநரையும் நடிகர்களையும் உருக்குலைத்து வாசித்தேன், அவர் சிரித்துக்கொண்டே திருத்தினார். ஒளிப்பதிவு வந்தது. அடுத்து அவருடையது. படத்தொகுப்பு வந்தாச்சு ஆன்ட்டி என்று சொல்லிவிட்டு, புள்ளி வைத்த முதல் எழுத்தையும் பெயரையும் உரக்க, ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டி வாசித்தேன்.

"நிறுத்து" என்றார். என் மகள் ரிமோட்டை அழுத்தினாள்.

"இன்னொரு தடவை வாசி."

வாசித்தேன்.

"கடைசி எழுத்து என்ன?"

ஐ என்றேன். இங்கிலீஷ் எழுத்து ஐ.

அவர் தலையைத் திருப்பி ஓரக்கண்ணால் அந்த வெள்ளை எழுத்துகள் இருந்த இடத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "அது நான் இல்லை. என் கணவர்" என்றார்.

பிறகு சொன்னார். அவர்கள் மொழியில் அந்தக் குடும்பப் பெயர் ஆணுக்கு 'ஸ்கி' என்று முடியும், பெண்ணுக்கு 'ஸ்கா' என்று முடியும். அங்கே அவர் தொகுத்த எல்லாப் படங்களிலும் 'ஸ்கா'தான். இங்கே குடியுரிமைக்கு மனுப் போட்டபோது இருவருக்கும் கணவர்தான் நிரப்பினார். ஒரே வீட்டில் இரண்டு பெயர் இருந்தால் இந்த நாட்டில் குழப்பம் என்று இவருக்கும் 'ஸ்கி' என்றே எழுதிவிட்டார். அவருடைய பெயரும் இவருடையதும் ஒரே எழுத்தில் தொடங்கும். அதே ஸ்டூடியோவில் வேலை பார்த்தவரும்கூட. புள்ளி வைத்த அந்த ஒரு எழுத்தையும் 'ஸ்கி'யையும் பார்த்தால் போலந்தில் யாருக்கும் சந்தேகமே வராது.

"அவரும் என் நல்லதுக்குத்தான் செய்தார்" என்றார். பிறகு படத்தைப் போடு என்றார்.

ஒன்றரை மணி நேரம் படம் ஓடியது. அவருடைய வலது கை நாற்காலியின் கைமேல் இருந்தது. நான் படத்தைப் பார்க்கவில்லை, அந்த விரலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு தடவைகூட அது அசையவில்லை. கடைசியில் அந்தப் பெண் ஜன்னலைச் சாத்தினாள். நான் மனதுக்குள் ஏழு வரைக்கும் எண்ணினேன், சரியாக ஏழில் திரை கறுத்தது. ஆன்ட்டி எழுந்து, என்னைக் கீழே கொண்டுபோய் விடு என்று என் கணவரிடம் சொன்னார். கேக்கை யாரும் தொடவில்லை.

அன்று மாலையே காப்பகத்துக்கு மெயில் எழுதினேன். தப்பு என்னுடையது, அவர் பெண், பெயர் இப்படி முடிய வேண்டும் என்று மன்றாடினேன். நான்கு நாளில் மரியாதையாகப் பதில் வந்தது. பிரதிகள் முடிந்து பல ஊர்களுக்குப் போய்விட்டன. எதிர்காலத்தில் புதிய பிரதி எடுத்தால் கட்டாயம் கவனத்தில் கொள்வோம், இணையதளத்தில் திருத்துகிறோம் என்று எழுதியிருந்தார்கள். கூடவே படத்தைப் பற்றிய குறிப்பையும் அனுப்பியிருந்தார்கள். என் மகள் அதை போனில் மொழிபெயர்த்துக் காட்டினாள். திரையில் இருந்த பெயரை மட்டும் பார்த்து யாரோ எழுதிய குறிப்பு அது, தயாரிப்புப் பிரிவில் இருந்த இவன் எடிட்டிங்கிலும் எவ்வளவு திறமைசாலி என்று எழுதியிருந்தது. அவர்கள் மொழியில் வினைச்சொல்லே ஆணா பெண்ணா என்று காட்டிவிடுமாம். தமிழில் என்றால் 'தொகுத்தார்' என்று மரியாதையாகப் போட்டு மறைத்திருக்கலாம்.

"பாஸ்போர்ட் படி கரெக்ட்டாதான போட்ட? விடு, இதுக்குப் போய் எவ்ளோ நாள் அழுவ?" என்றார் என் கணவர். அவர் ஆறுதலுக்குத்தான் சொன்னார். ஆனால் அந்தக் கரெக்ட் என்ற சொல்லைக் கேட்டு என் உடம்பெல்லாம் எரிந்தது. நாள் முழுக்க அப்பாவின் பெயருக்குத் திரும்பிப் பார்க்கிறவள் நான். எனக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

மூன்று ஞாயிறு அவர் எங்கள் காரில் வரவில்லை. முதியவர்களுக்கான வேனில் போனார். நான்காவது வாரம் கதவு தட்டும் சத்தம் கேட்டது. படியேறிய மூச்சிரைப்போடு நின்றுகொண்டிருந்தார்.

"என் பெயர் என்ன?" என்று கேட்டார்.

நான் ஆன்ட்டி என்றேன். அது பதில் இல்லை, பழக்கம்.

"ஆறு வருஷம் உன் காரில் வந்திருக்கிறேன். சொல்லு."

சொன்னேன். முதற்பெயரே நடுவில் உடைந்தது. உதட்டைக் குவித்து எப்படி ஆரம்பிக்க வேண்டும் என்று காட்டினார். மறுபடி சொன்னேன். கடைசியில் 'ஸ்கா' என்று முடித்தபோது, இன்னும் ஒரு தடவை என்றார். சொன்னேன். தலையை ஆட்டிவிட்டு, உள்ளே வராமல், கைப்பிடியைத் தடவிக்கொண்டு இறங்கிப் போய்விட்டார். மன்னித்தாரா என்று எனக்குத் தெரியாது. அடுத்த ஞாயிறு காரில் ஏறிக்கொண்டார். நான் மறுபடியும் ஆன்ட்டி என்றுதான் கூப்பிட்டேன். அந்தப் பெயரைச் சொல்லும் தைரியம் எனக்கு வரவில்லை, அவரும் கேட்கவில்லை.

பனிக்காலம் முடிவதற்குள் அவருக்கு ஸ்ட்ரோக் வந்தது. ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் இருந்தார், அவ்வளவுதான். மகன் ஆலனில் இருந்து வந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டார். நல்ல மனிதர், களைத்துப் போயிருந்தார். வருகிறவர்களுக்குக் கொடுக்கும் சிறிய நினைவு அட்டையில் 'ஸ்கி' என்று அச்சடித்திருந்தது. கல்லறைக் கல்லுக்கும் அப்படியே சொல்லியிருந்தார். நான் மெல்ல அவரைத் தனியாகக் கூப்பிட்டு, அம்மாவின் பெயர் 'ஸ்கா' என்று முடிய வேண்டும் என்றேன்.

அவர் யோசித்தார். வீட்டில் பழைய கடிதங்களில் அப்படிப் பார்த்திருக்கிறேன், ஸ்பெல்லிங் மிஸ்டேக் என்று நினைத்தேன் என்றார். பிறகு, "ஆனால் லீகல் பெயர் இதுதான். சர்டிஃபிகேட், இன்ஷூரன்ஸ், கல்லறை எல்லாம் ஒன்றுக்கொன்று மேட்ச் ஆக வேண்டும் இல்லையா?" என்றார்.

என்னுடைய விதியை என்னிடமே சொல்கிற மனிதரிடம் நான் என்ன பேசுவது? ஆமாம் என்றேன்.

எங்கள் வழக்கப்படி முப்பதாம் நாள் சர்ச்சில் அவருக்காகப் பூசை வைக்கச் சொல்லி நான் கருத்துக் கொடுத்தேன். சர்ச் ஆபீஸில் ஒரு சின்னச் சீட்டு நீட்டினார்கள். இறந்தவர் பெயர் என்று ஒரே ஒரு கட்டம். இனிஷியல் போடவில்லை. முதற்பெயரை முழுவதும் எழுதி, குடும்பப் பெயரைக் கடைசியில் 'ஆ' வரும்படி எழுதினேன். ஒரு தடவைக்கு மூன்று தடவை சரிபார்த்தேன்.

வேலை நாள் காலைப் பூசை. ஒரு பத்துப் பேர் இருந்திருப்போம். அவர் படங்களில் ஒன்றையாவது பார்த்தவர் எங்கள் வீட்டைத் தவிர யாருமில்லை. இளம் பாதிரியார் சீட்டைப் பார்த்து, இன்றைய பூசை இன்னாருக்காக என்று ஆரம்பித்து, ஒரு மாதம் முன்னால் அடக்கத்தில் சொன்ன பழக்கத்தில் 'ஸ்கி' என்று முடித்தார். நான் என் இடத்தில் இருந்தபடியே "ஸ்கா" என்றேன். காலிச் சர்ச்சில் அது நான் நினைத்ததைவிடச் சத்தமாகக் கேட்டது. முன்வரிசையில் இருந்த ஒரு அம்மாள் திரும்பிப் பார்த்தார். பாதிரியார் சாரி என்று சொல்லிவிட்டுத் தொடர்ந்தார்.

இறந்தவரைப் பெயர் சொல்லி ஆண்டவரிடம் ஒப்படைக்கும் இடம் பூசையின் நடுவில் மறுபடி வரும். நான் காத்துக்கொண்டிருந்தேன். பாதிரியார் அந்த இடத்துக்கு வந்தார். சீட்டைப் பார்த்தார், நிமிர்ந்து என்னைப் பார்த்தார். தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்ற பயம் அவர் முகத்தில் தெரிந்தது. பெயரை விட்டுவிட்டு, "எங்கள் சகோதரியை நினைவுகூரும்" என்று மரியாதையாகச் சொல்லி அடுத்த வரிக்குப் போய்விட்டார்.